மேலோ விதையை எந்த மாதம் போடுவது? தம்பிக்கு முளைத்தது, எனக்கு முளைக்கவில்லை

முதல்தளிர்:

எல்லோருக்கும் வணக்கம். மேலோ என்று ஒரு பூச்செடி இருக்கிறதே, செம்பருத்திக்குத் தூரத்துச் சொந்தம், வெளிர் ரோஜா நிறத்தில் கோப்பை மாதிரி விரியும், அதன் விதையைப் போட்டு ஏமாந்து உட்கார்ந்திருக்கிறேன். ஆசையைக் கிளப்பிவிட்டது என் தம்பி. அவன் இருப்பது குளிர்காலத்தில் பனி கொட்டுகிற இடம். நான் இருப்பது வருடத்தில் பத்து மாதம் வியர்க்கும் கடலோரச் சமவெளி. இருவரும் ஒரே வகை விதைதான் வாங்கினோம். பாக்கெட்டின் பின்னால் 'ஏப்ரல், மே மாதங்களில் நேரடியாக விதைக்கவும்' என்று இருந்ததால் இருவரும் மே முதல் வாரத்தில் போட்டோம்.

அவனுக்குப் பதினைந்து நாளில் புதர் மாதிரி வந்துவிட்டது, நெருக்கமாக இருக்கிறது, பிடுங்கலாமா என்று என்னிடமே கேட்கிறான். எனக்கு மொட்டை மாடித் தொட்டிகளில் போட்ட 30 விதையில் இரண்டு முளைத்தன, அதுவும் நான்காம் நாள் கழுத்தில் கருத்துச் சாய்ந்துவிட்டன. தண்ணீர் தினமும் இரண்டு வேளை ஊற்றினேன். விதையை ஊற வைக்கவில்லை, அப்படியே தூவி மேலே மண் போட்டேன்.

விதை செத்ததா, நான் செய்தது தப்பா, இல்லை இந்த வெயிலுக்கு இந்தச் செடியே வராதா? வரும் என்றால் எப்போது போடவேண்டும்? ஊற வைக்கவேண்டும் என்று சிலர், கூடவே கூடாது என்று சிலர், தலை சுற்றுகிறது.

உப்புத்தாள்:

விதை சாகவில்லை, தூங்குகிறது. இந்தக் குடும்பத்து விதைகளின் தோல் தண்ணீரை உள்ளே விடாது, அவ்வளவு கெட்டி. துத்தி விதையைக் கையில் எடுத்துப் பார்த்திருந்தால் தெரியும். தோலில் எங்காவது ஒரு கீறல் விழுந்து தண்ணீர் உள்ளே போனால்தான் அது விழிக்கும். இயற்கையில் வெயிலும் மழையும் மாறி மாறி அடித்து மெல்ல மெல்ல அந்த வழி திறக்கும், அதற்கு ஒரு வருடமும் ஆகலாம், பல வருடமும் ஆகலாம்.

எவ்வளவு பிடிவாதம் என்பதற்கு ஒரு கதை. 1879 இல் அமெரிக்காவின் மிச்சிகனில் வில்லியம் ஜேம்ஸ் பீல் என்ற தாவரவியலாளர், களை விதைகளை ஈர மணலோடு கலந்து 20 புட்டிகளில் போட்டு மண்ணுக்குள் புதைத்தார். சில வருடத்துக்கு ஒரு புட்டி என்று எடுத்து விதைத்துப் பார்க்கவேண்டும், அதுதான் சோதனை. அவர் காலமாகி வெகுகாலம் கழித்து, 1980 இல் ஒரு புட்டியை எடுத்தபோது, நூறு வருடம் மண்ணுக்குள் கிடந்த மேலோ விதை ஒன்று முளைத்தது! ஒன்றே ஒன்றுதான், ஆனாலும் நூறு வருடம். உங்கள் விதை ஒரு மாதத்தில் முளைக்கவில்லை என்றால் அதற்குள் துக்கம் கொண்டாடவேண்டாம்.

செய்யவேண்டியது இதுதான். விதை சிறுநீரகம் மாதிரி வளைந்திருக்கும். ஒரு பக்கம் உள்ளே குழிந்திருக்கும், அந்தப் பக்கம்தான் வேர் முனை, அதைத் தொடாதீர்கள். முதுகுப் பக்கத்தை நைஸ் உப்புத்தாளில் நாலைந்து தேய் தேய்த்தால் போதும், கறுப்புத் தோல் வெளுக்கும்போதே நிறுத்திவிடுங்கள். நிறைய விதை என்றால் ஒரு டப்பாவின் உட்பக்கம் முழுக்க உப்புத்தாளை ஒட்டி, விதையைப் போட்டு மூடி, ஒரு நிமிடம் குலுக்குங்கள். அப்புறம் வெதுவெதுப்பான தண்ணீரில் ஒரு இரவு. காலையில் உப்பியிருப்பவை நேராக மண்ணுக்கு, உப்பாதவை மறுபடி உப்புத்தாளுக்கு.

வெந்நீர் முறையும் உண்டு. தண்ணீர் கொதித்ததும் இறக்கி, கொதி முழுக்க அடங்கி 80 டிகிரி வாக்கில் வந்தபின் விதையைப் போட்டு, அப்படியே ஆறவிட்டு ஊறவிடுவது. அடுப்பிலேயே போட்டுவிடாதீர்கள். நான் போட்டிருக்கிறேன். அது விதைப்பு இல்லை, சமையல்.

வேரோடு:

உப்புத்தாள் நண்பர் எதைக் கேட்டாலும் உப்புத்தாள் என்பார், பெயரே அப்படித்தான். எனக்கு இது தோல் பிரச்சினையாகத் தெரியவில்லை. ஒரே வகை விதை தம்பிக்குத் தேய்க்காமலே புதராக வந்திருக்கிறதே, அதற்கு என்ன சொல்கிறீர்கள்?

முதல்தளிர், பாக்கெட்டில் இருக்கும் மாதம் உங்களுக்கு எழுதியது அல்ல. அது பனி விழும் ஊருக்கு எழுதியது. அங்கே ஏப்ரல், மே என்றால் குளிர் விட்டு மண் அப்போதுதான் இளகும் நேரம். உங்களுக்கு அதே மே மாதம் நெருப்பு. மாதத்தை மறந்துவிட்டு மண்ணின் சூட்டைப் பாருங்கள். இந்தச் செடி முளைக்க விரும்புவது 15 முதல் 20 டிகிரி, கொஞ்சம் முன்னே பின்னே. கோடை மதியம் மொட்டை மாடித் தொட்டியின் மேல் மண் 40ஐச் சாதாரணமாகத் தாண்டும், அதுவும் கறுப்புத் தொட்டி என்றால் கேட்கவே வேண்டாம். அந்தச் சூட்டில் தினமும் இரண்டு வேளை தண்ணீர் என்றால் விதை வேகிறது, வெந்ததில் பூஞ்சை ஏறுகிறது. கழுத்துக் கருத்துச் சாய்ந்தது என்று சொன்னீர்களே, அது நாற்றழுகல்.

நீங்கள் விவரிப்பது பெரும்பாலும் லாவட்டெரா என்று விற்கப்படும் ஒருபருவ மேலோவாக இருக்கும். இப்போது அதை மால்வா டிரைமெஸ்ட்ரிஸ் என்று மால்வா என்ற மேலோ பேரினத்திலேயே சேர்த்துவிட்டார்கள், பழைய பெயரும் பாக்கெட்டில் ஓடிக்கொண்டிருக்கிறது. அதன் பிறந்த வீடு மத்தியதரைக் கடலைச் சுற்றிய நாடுகள். அங்கே கோடையில் வறட்சி, மழையெல்லாம் குளிர்காலத்தில். விதை இலையுதிர்கால முதல் மழையில் முளைத்து, லேசான குளிரில் வேர் விட்டு, வசந்தத்தில் பூத்து, கோடை வரும்போது விதையை உதிர்த்துவிட்டுப் போய்விடும். எந்த ஊரில் வைத்தாலும் இந்த வரிசையைக் கொடுத்தால் போதும்.

அதனால் உங்களைப் போன்ற வெப்பச் சமவெளிக்குக் கணக்கு வேறு. பெருமழை ஓய்ந்து, இரவில் ஒரு போர்வை தேவைப்படுகிற வாரம் வருமே, அதுதான் விதைக்கும் வாரம். நிலநடுக்கோட்டுக்கு வடக்கே அது பெரும்பாலும் அக்டோபர் கடைசியிலிருந்து டிசம்பர் நடுவுக்குள் விழும். விதைத்து 10 முதல் 12 வாரத்தில் பூ, அதாவது பிப்ரவரி, மார்ச். அதற்குமேல் வெயில் ஏறினால் செடி முடிந்துவிடும், அதைக் காப்பாற்ற நிழல்வலை எல்லாம் கட்டிப் பணத்தை வீணாக்காதீர்கள். போர்வையே தேவைப்படாத ஊர், அதாவது வருடம் முழுக்க இரவு 24, 25க்குக் கீழே இறங்காத இடம் என்றால், என் யோசனை இந்தச் செடியை விட்டுவிடுங்கள். துத்தி போடுங்கள், அதுவும் மேலோ குடும்பம்தான், வெப்ப மண்ணுக்கென்றே பிறந்தது, மழை தொடங்கும்போது போட்டால் போதும். பூ சின்னது, மஞ்சள், ஆனால் செடி உங்களைக் கெஞ்ச வைக்காது.

தென் அரைக்கோளத்தில் யாராவது இதைப் படித்தால் எல்லாவற்றையும் ஆறு மாதம் தள்ளிக்கொள்ளுங்கள்.

உப்புத்தாள்:

சரி, சண்டை வேண்டாம். தீர்த்து வைக்க வழி இருக்கிறது. முதல்தளிர், தொட்டி மண்ணை இன்னும் கொட்டவில்லை என்றால், விரலால் கிளறி நாலைந்து விதையைத் தேடி எடுங்கள். இரண்டு விரலுக்கு நடுவில் வைத்து அழுத்துங்கள். மணல் மாதிரி கெட்டியாக இருந்தால் தூக்கம், நான் சொன்னது சரி. பிசுக்கென்று நசுங்கினால் அழுகல், வேரோடு சொன்னது சரி. எதுவுமே கிடைக்கவில்லை என்றால் எறும்பு.

முதல்தளிர்:

கிளறிவிட்டேன். கிடைத்தது 19. அதில் 14 நசுங்கின, உள்ளே சாம்பல் நிறத்தில் கூழ். 5 கல் மாதிரி இருக்கின்றன. ஆக 14க்கு 5 என்று வேரோடு ஜெயித்துவிட்டார். அந்த ஐந்தையும் கழுவிக் காய வைத்திருக்கிறேன், பார்க்கலாம்.

பாக்கெட்டில் லாவட்டெரா என்றுதான் இருக்கிறது, சரியாகச் சொன்னீர்கள். இன்னொரு விஷயம். தம்பி இன்னும் இரண்டு பாக்கெட் வாங்கி வைத்திருக்கிறான், ஒன்று ஹாலிஹாக், இன்னொன்று மார்ஷ்மேலோ. இரண்டையும் எப்போது போடுவது என்று இங்கே கேட்கச் சொன்னான். அவனுக்கு இதெல்லாம் ஒரே செடி என்று நினைப்பு.

பனிவேலி:

நான் தம்பி பக்கத்து ஆள், அதாவது ஐந்து மாதம் மண் கல்லாகிற இடம். மூன்றும் ஒரே குடும்பம், ஆனால் மூன்றுக்கும் மூன்று குணம்.

லாவட்டெராவுக்குக் கடைசி உறைபனி கழிந்தபின் நேராக நிலத்தில். அவன் ஏற்கெனவே அதைச் செய்துவிட்டான். அவசரக்காரர்கள் வீட்டுக்குள் 6 வாரம் முன்னாலேயே நாற்று விடுவார்கள். நான் செய்து பார்த்ததில் வெளியே போட்ட விதை பின்னாலேயே ஓடிவந்து நாற்றைப் பிடித்துவிடுகிறது, லாபம் இல்லை. குளிர் லேசாக இருக்கும் இடங்களில், அதாவது உறைபனி எப்போதாவது எட்டிப் பார்த்துவிட்டுப் போகும் இடங்களில், இலையுதிர்காலத்திலேயே போட்டுவிடலாம், இளஞ்செடி குளிரைத் தாங்கி வசந்தத்தில் சீக்கிரமே பூக்கும்.

ஹாலிஹாக் முளைக்கக் கஷ்டப்படுத்தாது, பூக்கத்தான் கஷ்டப்படுத்தும். சாதாரண வகைகள் முதல் வருடம் இலை மட்டும் விட்டுத் தரையோடு படுத்துக் கிடக்கும், ஒரு குளிர்காலம் கழிந்தபின்தான் தண்டு எழும்பி ஆள் உயரத்துக்கு மேலே போய்ப் பூக்கும். அதனால் தம்பி அவசரமாக இப்போதே போடத் தேவை இல்லை, கோடை நடுவில் போட்டாலும் அடுத்த வருடம்தான் பூ. முதல் வருடமே பூக்கவேண்டும் என்றால் அதற்கென்று வகைகள் இருக்கின்றன, இண்டியன் ஸ்பிரிங், மஜோரெட் போன்றவை, அவற்றைக் குளிர்கால முடிவில் வீட்டுக்குள் தொடங்கவேண்டும்.

மார்ஷ்மேலோதான் தனி. அதன் பெயர் அல்தேயா அஃபிசினாலிஸ், ஈர நிலத்துச் செடி, இதன் வேரில் இருந்துதான் ஒரு காலத்தில் அந்த மெத்து மிட்டாயைச் செய்தார்கள், இப்போதைய மிட்டாயில் பெயர் மட்டும்தான் மிச்சம். இதன் விதைக்கு ஈரக் குளிர் பட்டால்தான் ஒழுங்காக முளைக்கும். நான் செய்வது சோம்பேறி முறை: இலையுதிர்காலக் கடைசியில் ஒரு தட்டில் விதைத்து, வலை போட்டு, வெளியிலேயே பனிக்கு விட்டுவிடுவேன், வசந்தத்தில் தானாக எழுந்துவிடும். இப்போதே வேண்டும் என்றால் ஈர மணலோடு கலந்து பையில் கட்டி, குளிர்பெட்டியின் கீழ்த்தட்டில் நாலைந்து வாரம். உறைபெட்டியில் அல்ல! பையின் மேல் பெயர் எழுதி ஒட்டுங்கள். எங்கள் வீட்டில் ஒரு முறை அது குப்பைக்குப் போய்விட்டது, யார் போட்டது என்று இன்றுவரை யாரும் ஒத்துக்கொள்ளவில்லை.

கடையில் 'ஸ்வாம்ப் மேலோ' என்று ஒன்று கண்ணில் பட்டால் குழம்பவேண்டாம், அது செம்பருத்தி இனம், சாப்பாட்டுத் தட்டு அளவு பூ. அதன் விதைக்கு நேர்மாறு, மண் 20க்கு மேலே சூடாக இருக்கவேண்டும். அதை ஊற வைப்பது நிஜமாகவே உதவும்.

ஒரு தொட்டிக்காரன்:

இதை யாரும் சொல்லவில்லையே என்று எழுதுகிறேன். நாற்று விட்டுப் பிடுங்கி நடவே கூடாது. ஆணிவேர் முதலில் கீழே ஓடிவிடும், மேலே இரண்டு இலை தெரியும்போது கீழே விரல் நீளம் போயிருக்கும், பிடுங்கினால் அது அறுந்து செடி முறைத்துக்கொண்டே நின்றுவிடும். எங்கே வளரவேண்டுமோ அங்கேயே போடுங்கள். முடியவில்லை என்றால் செய்தித்தாளைச் சுருட்டி நீளமான குழாய் செய்து அதில் விதைத்து, குழாயோடு புதைத்துவிடுங்கள். தொட்டி என்றால் ஓரடி ஆழமாவது வேண்டும். விதைக்கு மேல் அரை சென்டிமீட்டர் மண், அதிகம் போனால் ஒன்று.

உரம் அதிகம் வேண்டாம். நான் கொழுத்த மண்ணில் வைத்து இலையாகவே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மலைச்சரிவு:

உயரமான மலைப்பகுதியில் இருப்பவர்களுக்காக. எங்களுக்குக் கடும் வெயிலும் இல்லை, பெரிய பனியும் இல்லை, அதனால் வருடத்தில் இரண்டு தடவை போட முடிகிறது, பிப்ரவரி கடைசியில் ஒன்று, பெருமழை குறையும் ஆகஸ்ட், செப்டம்பரில் ஒன்று. கேட்கச் சொர்க்கம் மாதிரி இருக்கும். ஆனால் எங்கள் எதிரி மூடுபனி. இலை எப்போதும் ஈரமாக இருந்தால் துரு நோய் வரும், இலையின் அடியில் ஆரஞ்சு நிறத்தில் பொரிப்பொரியாக, மேலே மஞ்சள் புள்ளி. ஹாலிஹாக்கில் இது மிக மோசம். சிலி நாட்டிலிருந்து கிளம்பிய பூஞ்சை இது, 1869 இல் ஸ்பெயினில் தென்பட்டு 1873க்குள் இங்கிலாந்து வரை போய்விட்டதாம், ஒரு பூஞ்சைக்கு நல்ல வேகம்தான்.

விதைப்போடு இதற்கு என்ன சம்பந்தம் என்றால், காய்ந்த காயின் சருகிலும் புல்லியிதழிலும் அது ஒட்டிக்கொண்டு வரும். சொந்தச் செடியில் விதை எடுப்பவர்கள் அந்தச் சக்கரம் மாதிரி காயை உதிர்த்து, சருகை எல்லாம் ஊதித் தள்ளிவிட்டு, வெறும் விதையை மட்டும் வையுங்கள். துரு வந்த செடியிலிருந்து எடுக்கவே வேண்டாம். செடிக்குச் செடி ஒன்றரை அடியாவது விடுங்கள், காற்று போகவேண்டும். தம்பியிடம் சொல்லுங்கள், புதராக இருப்பதைப் பார்த்து மகிழ்ந்தது போதும், இரக்கம் பார்க்காமல் பாதிக்கு மேல் பிடுங்கவேண்டும்.

இன்னொன்று, சொந்த விதையை எடுத்த சூட்டோடு போட்டால் பல சமயம் எந்தச் சடங்கும் இல்லாமல் முளைக்கிறது. காய்ந்து இறுகிய பின்னால்தான் உப்புத்தாள் நண்பருக்கு வேலை.

வேரோடு:

மலைச்சரிவு சொன்ன கடைசி விஷயம் முக்கியம். ஊற வைக்கலாமா வேண்டாமா என்று ஆளாளுக்கு ஒன்று சொல்வதன் காரணமே அதுதான், ஒவ்வொருவர் கையில் இருக்கும் விதையின் வயது வேறு. பாக்கெட்டைத் திறந்ததும் பத்து விதையை ஈரமான டிஷ்யூ தாளில் சுற்றி டப்பாவில் மூடி, வீட்டில் குளிர்ச்சியான மூலையில் வையுங்கள். மூன்று நாளில் எத்தனை உப்புகிறது என்று பாருங்கள். ஏழெட்டு உப்பினால் எதுவும் செய்யாமல் அப்படியே போடலாம். இரண்டு மூன்று என்றால் தேய்க்கவேண்டும். ஊற வைத்தாலும் ஒரு நாளுக்கு மேல் வேண்டாம், ஊறிய விதையை எடுத்து வைத்து நாளைக்குப் போடலாம் என்றும் நினைக்கவேண்டாம்.

முதல்தளிர், நவம்பர் வரை பொறுங்கள். பாக்கெட்டை மூடி உலர்ந்த இடத்தில் வைத்தால் ஒன்றும் ஆகாது.

முதல்தளிர்:

ஏழு மாதம் கழித்து வந்திருக்கிறேன், யாராவது இன்னும் இந்தப் பக்கம் வருகிறீர்களா தெரியவில்லை.

மழை விட்டு, நவம்பர் கடைசி வாரம், முதல் முறையாக இரவு மின்விசிறியை ஒன்றில் வைத்துத் தூங்கினேன், எனக்குப் போர்வைக் கணக்கு அதுதான். மறுநாளே புதிய பாக்கெட்டில் டிஷ்யூ சோதனை, பத்தில் ஆறு உப்பின. மீதி நாலையும், கோடையில் காய வைத்திருந்த அந்த ஐந்து கல்லையும் முதுகில் தேய்த்து ஊற வைத்தேன். மொட்டை மாடிக்குப் பதில் கிழக்குப் பார்த்த ஓரத்தில் ஆழமான தொட்டிகள். தண்ணீர் காலையில் மட்டும், அதுவும் விரலை விட்டுப் பார்த்து மேல் மண் காய்ந்திருந்தால்தான். ஒன்பதாம் நாள் முதல் முளை. வித்திலை இரண்டும் குட்டி இதயம் மாதிரி இருக்கிறது, நான் ஏதோ களை என்று நினைத்துப் பிடுங்கப் போனேன், நல்லவேளை விதைத்த இடத்தில் குச்சி நட்டு வைத்திருந்தேன்.

பதினைந்தில் பதினொன்று வந்தது. ஐந்து கல்லில் மூன்று வந்திருக்கிறது, உப்புத்தாள் அண்ணா, உங்களுக்கு ஆறுதல் பரிசு. இரண்டை நத்தை தின்றுவிட்டது. மீதி ஒன்பதும் இப்போது ஒரு சாண் உயரம், ஏழெட்டு இலை. நுனியைக் கிள்ளிவிட்டால் கிளை அதிகம் வரும் என்று ஒருவர் சொல்கிறார், செய்யலாமா?

தம்பியின் மார்ஷ்மேலோ வெளியே பனிக்கு அடியில் தட்டில் இருக்கிறது. ஹாலிஹாக் தரையோடு படுத்திருக்கிறது, தினமும் படம் அனுப்பி ஏன் பூக்கவில்லை என்று கேட்கிறான்.

வேரோடு:

கிள்ளவேண்டாம். அது தானாகவே கிளை விடும், உங்களுக்கு இருப்பதே மூன்று மாதக் குளிர், அதில் இரண்டு வாரத்தை இழக்காதீர்கள். காற்று அதிகம் என்றால் ஒரு குச்சி கட்டுங்கள், கடலோரம் என்றீர்களே. நத்தைக்கு இரவில் டார்ச்சோடு போய்க் கையால் பொறுக்குவதுதான், வேறு மந்திரம் இல்லை.

உப்புத்தாள்:

ஐந்துக்கு மூன்று! அந்த மூன்று தொட்டிக்கும் தனியாக அடையாளம் வையுங்கள், முதல் பூ எதில் வருகிறது என்று எனக்குத் தெரியவேண்டும்.